நாயையும் சேர்த்து எண்ணியவர்கள்

குருக்கள்மடத்தில் எனக்கு ஒரு நண்பர் இருக்கிறார். பயிற்சிக் கலாசாலைக் காலத்துப் பழக்கம். இருவரும் இப்போது ஓய்வூதியக்காரர். மாதத்தில் ஒரு நாளாவது காத்தான்குடியிலிருந்து பஸ் ஏறிப்போய் அவர் வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்து தேநீர் குடித்துவிட்டு வருவேன். அவரது வீட்டிலிருந்து கொஞ்சம் நடந்தால் வாவிக்கரை. அம்பிளாந்துறைக்குப் போகும் பாதை அங்குதான் வந்து நிற்கும். படுவான்கரையிலிருந்து மோட்டார் சைக்கிளோடும் நெல் மூட்டையோடும் வருகிறவர்கள் அதில் வந்து இறங்குவார்கள். அந்தப் பாதையைப் பார்த்தபடி பேசிக்கொண்டிருப்பதில் ஒரு நிம்மதி உண்டு.

கடைசியாகப் போயிருந்தபோது பேச்சு நடக்கவில்லை. அவரது பேத்தி பழைய அமெரிக்கக் காட்டூன் ஒன்றைப் பார்த்துக்கொண்டிருந்தாள். நாங்களும் கதிரைகளைத் திருப்பிப் போட்டுக்கொண்டு பார்த்தோம். அரைமணி நேரப் படம். முடிந்ததும் அவள் கேட்ட ஒரு கேள்வியிலிருந்து நான் இன்னும் மீளவில்லை. இந்தக் கட்டுரை அவளுக்குச் சொல்ல முடியாமற் போன பதில்தான்.

சார்ள்ஸ் ஷுல்ஸ் என்ற சித்திரக்காரர் 1950 ஒக்டோபரிலிருந்து 2000 பெப்ரவரி வரை, ஏறத்தாழ ஐம்பது வருடங்கள், பத்திரிகைகளில் வரைந்த சித்திரத் தொடரின் பிள்ளைகள்தான் படத்தின் பாத்திரங்கள். அந்தப் பிள்ளைகளை வைத்துத் தொலைக்காட்சிக்கு எடுக்கப்பட்ட இரண்டாவது விசேட படம் இது. 1966 ஜூன் 8ஆம் திகதி அமெரிக்காவில் முதன்முதலாக ஒளிபரப்பானது. பெரியவர் ஒருவர்கூடத் திரையில் வருவதில்லை. பிள்ளைகளின் குரல்களும் பெரும்பாலும் உண்மையான பிள்ளைகளுடையவை. சார்லி பிரவுண் என்ற பையனின் பேஸ்போல் குழுதான் கதை. பேஸ்போல் என்றால் நமது எல்லேயின் தூரத்து உறவு என்று வைத்துக்கொள்ளுங்கள். அடித்துவிட்டு நிலைகளைச் சுற்றி ஓடித் திரும்பவேண்டும். சார்லி பிரவுணின் குழு ஒருபோதும் வெல்லாத குழு. படம் தொடங்கும்போதே 123க்கு பூச்சியம் என்று தோற்றுப்போகிறார்கள். குழுவில் பாதிப்பேர் பெண்பிள்ளைகள். ஒருவர் நாய். ஸ்னூபி என்ற அந்த நாய்தான் இருப்பவர்களுக்குள் கெட்டிக்கார ஆட்டக்காரன்.

தோல்வியில் அலுத்துப்போய் எல்லோரும் விலகிவிட்ட வேளையில் ஒரு நல்ல செய்தி வருகிறது. ஹாட்வெயார் கடை வைத்திருக்கும் ஹெனசி என்பவர் குழுவுக்குச் சீருடை வாங்கித் தருவார், முறையான லீக் ஒன்றிலும் சேர்த்துவிடுவார். பிள்ளைகள் துள்ளுகிறார்கள். பிறகு தொலைபேசி வருகிறது. லீக்கின் விதி பெண்பிள்ளைகளையும் நாய்களையும் அனுமதிப்பதில்லை. சார்லி பிரவுண் ஹெனசியின் சீருடையை வேண்டாமென்று சொல்லிவிடுகிறான்.

நண்பரின் பேத்தியின் கேள்வி இந்த இடத்தில்தான் வந்தது.

“ஏன் சேர், அவன் உடுப்ப வாங்கியிருக்கலாந்தானே? லீக்குக்குள்ள போன பிறகு கொஞ்சம் கொஞ்சமா மத்தவங்களயும் சேர்த்திருக்கலாம்.”

நண்பர் சிரித்தார். “மச்சான், இவள் அரசியலுக்குப் போகப்போறாள்” என்றார்.

ஆனால் இது சிரித்துத் தள்ளக்கூடிய கேள்வியல்ல. கொடுப்பவர் வாசலில் நின்று, உங்களில் சிலரை வெளியே விட்டுவிட்டு வாருங்கள் என்கிறார். வாங்குவது துரோகமா, வாங்காமல் விடுவது வீம்பா? அந்தப் பிள்ளை சொன்னதைத்தான் பெரிய மனிதர்கள் எல்லாக் காலத்திலும் சொல்லிவந்திருக்கிறார்கள். மக்காவில் குறைஷித் தலைவர்கள் நபி (ஸல்) அவர்களிடம் வந்து சொன்னதும் இதுதான். பிலால், ஸுஹைப், அம்மார், கப்பாப் போன்ற ஏழைகளும் அடிமைகளாயிருந்தவர்களும் உட்கார்ந்திருக்கும் சபையில் நாங்கள் எப்படி உட்காருவது? அவர்களை எழுப்பிவிடுங்கள், நாங்கள் வருகிறோம். கேட்டவர்களின் வாதம் லேசானதல்ல. தலைவர்கள் வந்தால் பின்னால் ஊரே வரும். பிறகு அந்த ஏழைகளுக்கும் அது நன்மைதானே. ஸூரத்துல் அன்ஆமிலும் ஸூரத்துல் கஹ்ஃபிலும் இதற்கு இறங்கிய பதிலின் பின்னணியைத் தப்ஸீர்களில் படித்தவர்களுக்கு நான் விளக்கத் தேவையில்லை. விரட்டாதீர் என்பதுதான் பதில். முதலில் ஏற்றுக்கொண்டு பிறகு சரிசெய்யலாம் என்ற வழியை அந்தப் பதில் திறந்து வைக்கவில்லை.

ஏன் திறந்து வைக்கவில்லை என்பதற்கு எனக்குத் தெரிந்த நல்ல உதாரணம், விசித்திரமாக, அதே பேஸ்போல் மைதானத்திலிருந்தே கிடைக்கிறது. ஹெனசி சொன்ன விதி ஷுல்ஸின் கற்பனையல்ல. அமெரிக்காவில் சிறுவர் பேஸ்போலை நடத்தும் பெரிய அமைப்பு 1939இல் பென்சில்வேனியாவின் வில்லியம்ஸ்போட் நகரில் தொடங்கியது. 1950இல் நியூயோர்க் மாநிலத்தின் கோர்னிங் என்ற ஊரில் கத்ரின் ஜோன்ஸ்டன் என்ற சிறுமி பின்னலை வெட்டிக்கொண்டு, பையனைப்போல் பெயர் மாற்றிக்கொண்டு, ஒரு குழுவுக்குள் நுழைந்து ஆடினாள். அடுத்த வருடம் பெண்பிள்ளைகள் ஆடக்கூடாது என்று விதி எழுதப்பட்டது. படம் ஒளிபரப்பானபோது அந்த விதி நடைமுறையில் இருந்தது. ஆறு வருடங்கள் கழித்து, 1972இல், நியூஜேர்சியின் ஹொபோக்கனில் மரியா பெப்பே என்ற சிறுமியை உள்ளூர்க் குழு சேர்த்துக்கொண்டது. மூன்று ஆட்டங்கள் ஆடினாள். தலைமையகத்திலிருந்து எச்சரிக்கை வந்தது. அவளை வைத்திருந்தால் ஊர் லீக்கின் அங்கீகாரமே பறிபோகும். அதாவது அவள் ஒருத்திக்காக ஊரின் மற்ற எல்லாப் பிள்ளைகளின் விளையாட்டும் நின்றுபோகும். அவள் வெளியே போகவேண்டியதாயிற்று.

பெண்கள் அமைப்பொன்று வழக்காடியது. 1973 நவம்பரில் தீர்ப்பு அவள் பக்கம் வந்தது. 1974இல் அந்த அமைப்பு நாடு முழுவதும் பெண்பிள்ளைகளுக்கு மைதானத்தைத் திறந்துவிட்டது. ஆனால் அந்த வகுப்பு ஆட்டத்துக்கு வயதெல்லை பன்னிரண்டு. அப்போது மரியாவுக்குப் பதினான்கு.

கொஞ்சம் கொஞ்சமாகச் சேர்ப்பது என்பதன் கணக்கு இதுதான். நீதி பின்னால் வரலாம். வெளியே நிறுத்தப்பட்டவளுக்கு அதற்குள் வயது போய்விடுகிறது. விதி மாறியதால் பின்வந்த பிள்ளைகள் ஆடினார்கள், மறுக்கவில்லை. அவர்களுடைய ஆட்டத்தை வைத்து மரியாவின் கோடைகாலத்தைக் கழித்துக் கணக்குப் பார்க்க எவருக்கும் உரிமையில்லை என்றுதான் சொல்கிறேன்.

ஹெனசியை வில்லனாக நினைப்பதும் பிழை. விதி என்னுடையதல்ல, லீக்கினுடையது என்கிறார் அவர். உண்மையாகவும் இருக்கும். 1955இல் தென் கரோலினாவின் சார்ள்ஸ்டன் நகரில் கறுப்பினச் சிறுவர்களின் குழுவொன்று பதிந்தபோது வெள்ளையரின் குழுக்கள் எல்லாம் போட்டியிலிருந்து விலகிக்கொண்டன. ஆட எவரும் இல்லாமல் அந்தச் சிறுவர்கள் மாநிலச் சம்பியன்கள் ஆனார்கள். ஆடி வெல்லாதவர் அடுத்த சுற்றுக்குப் போகமுடியாது என்ற விதி அவர்கள்மேல் பாய்ந்தது. வில்லியம்ஸ்போட்டுக்கு விருந்தினராக அழைத்துப்போய், மற்றவர் ஆடுவதைப் பார்க்க உட்காரவைத்தார்கள். அந்த விதியை எழுதியவர் எவருக்கும் அந்தச் சிறுவர்களின் முகம் தெரிந்திருக்காது. விதியின் வசதியே அதுதான். வெளியேற்றுகிறவரின் கையில் இரத்தம் படிவதில்லை.

இந்த வசதியை நாம் நன்றாக அறிவோம். 2002 பெப்ரவரியில் யுத்த நிறுத்த ஒப்பந்தம் கையெழுத்தானது. பேச்சுவார்த்தைக்கு முஸ்லிம்கள் தனித்தரப்பாக வரக் கேட்டபோது மேசைக்கு இரண்டு பக்கங்கள்தான் என்றார்கள். சுனாமிக்குப் பிறகு, 2005 ஜூன் 24ஆம் திகதி, அரசும் விடுதலைப் புலிகளும் பொதுக் கட்டமைப்பு உடன்படிக்கையில் கையெழுத்திட்டார்கள். பிராந்தியக் குழுவில் முஸ்லிம்களுக்கு ஆசனம் இருந்தது, ஒப்பமிடும் இடத்தில் பெயர் இருக்கவில்லை. அம்பாறை, மட்டக்களப்புக் கரைகளில் அலை அடித்துச் சென்ற முஸ்லிம் கிராமங்கள் எத்தனை என்பது எல்லோருக்கும் தெரியும். தெரிந்தும் ஆட்டத்துக்கு அழைக்கவில்லை, பார்க்க அழைத்தார்கள். அடுத்த மாதமே உயர்நீதிமன்றம் அதன் முக்கிய பகுதிகளை இடைநிறுத்தியதும் கட்டமைப்பு முடங்கியதும் வேறு கதை. இதையெல்லாம் நாம் நிறையவே எழுதியிருக்கிறோம். இந்தச் சஞ்சிகை போன்ற பக்கங்கள் உருவானதற்கே அந்த வெளியேற்றங்கள் ஒரு காரணம்.

எழுதாத ஒன்றைச் சொல்கிறேன். சுனாமிக்கு அடுத்த வருடம் நான் ஒரு விளையாட்டுக் கழகத்தின் செயலாளராக இருந்தேன். கடற்கரையில் மாலை நேரங்களில் கிறிக்கட் ஆடும் பையன்களின் கழகம். பக்கத்துத் தமிழ் ஊரிலிருந்து ஐந்தாறு பேர் சைக்கிளில் வருவார்கள். அதில் ஒருவனின் பந்துவீச்சை நம்பித்தான் எங்கள் குழு நின்றது. நிவாரண நிறுவனம் ஒன்று துடுப்பு, பந்து, பதினைந்து ஜேர்சிகள் தர முன்வந்தது. படிவத்தில் ஒரு நிபந்தனை. பயனாளிகள் இந்தப் பிரதேச செயலகப் பிரிவில் பதிந்தவர்களாக இருக்கவேண்டும். வந்த உத்தியோகத்தர் நல்ல மனிதர். எங்கட சட்டமில்ல சேர், மேலிடத்துச் சட்டம் என்றார். நான் பதினைந்து பெயர்களை எழுதிக் கையெழுத்திட்டேன்.

யாரையும் வரவேண்டாம் என்று நான் சொல்லவில்லை. ஜேர்சிகள் வந்த பின்னரும் அவர்கள் இரண்டு மூன்று நாள் வந்தார்கள். பதினைந்து பேர் நீலத்தில், ஐந்து பேர் கலர் கலராக. பிறகு வரவில்லை. அந்த வருடம் நாங்கள் ஒரு சுற்றுப்போட்டியில் வென்றோம். கிண்ணம் இன்னும் கழகத்தின் அலுமாரியில் இருக்கிறது. அந்தப் பந்துவீச்சாளனை ஒருநாள் ஆரையம்பதிச் சந்தியில் கண்டேன். மரியாதையாக “சேர்” என்று தலையசைத்துவிட்டுப் போனான்.

ஆகவே சார்லி பிரவுணை நான் புகழ்வது என்னை விட்டுவிட்டல்ல. அவன் வேண்டாமென்ற சீருடையை நான் வாங்கியவன்.

ஆனால் அவனையும் முழுவதாகப் புகழமுடியவில்லை. ஏனென்றால் மறுத்ததோடு கதை முடியவில்லை. மறுத்த செய்தியை அவன் குழுவுக்குச் சொல்லவில்லை. சீருடை வரப்போகிறது என்ற உற்சாகத்தில் அடுத்த ஆட்டத்தையாவது வெல்லட்டும் என்று மறைக்கிறான். பிள்ளைகளும் உண்மையில் நன்றாக ஆடுகிறார்கள். ஸ்னூபி ஒவ்வொரு நிலையாகத் திருடி ஓடி ஓட்டம் சேர்க்கிறான். கடைசியில் சார்லி பிரவுணே அதுபோல் ஓட முயன்று பிடிபட்டு ஆட்டத்தைத் தோற்கவைக்கிறான். பிறகுதான் சீருடை இல்லை என்று சொல்கிறான். காரணத்தைச் சொல்வதில்லை. பெண்பிள்ளைகள் அவனைத் திட்டித் தீர்க்கிறார்கள். யாருக்காக மறுத்தானோ அவர்களிடமே ஏச்சு வாங்குகிறான்.

இரண்டு மறைப்புகளையும் ஒன்றாகப் போட்டுக் குழப்பிக்கொள்ளக்கூடாது. காரணத்தை மறைத்தது அழகு. வலது கை கொடுத்ததை இடது கை அறியாமல் கொடுத்தவருக்கு அர்ஷின் நிழல் உண்டென்று கேட்டு வளர்ந்தவர்கள் நாம். உங்களால்தான் எல்லாம் போயிற்று என்று அவன் சொல்லியிருந்தால் அந்த மறுப்பு தானமாக இருந்திருக்காது, கடன் சீட்டாகியிருக்கும். ஆனால் மறுத்ததையே மறைத்து, இல்லாத சீருடையைக் காட்டி ஓடவைத்தது அப்படியல்ல. அது அவர்களுக்காகச் செய்ததல்ல, தன் வெற்றிக்காகச் செய்தது. அவர்களை வெளியே விட மறுத்தவன், அவர்களையே சாட்டைக்கு ஓடும் மாடுகளாக்கினான். நல்ல காரியம் ஒன்றைச் செய்துவிட்ட அன்றே மனிதன் தனக்கு ஒரு சின்னச் சலுகை எடுத்துக்கொள்கிறான். நம் இயக்கங்களிலும் தலைமைகளிலும் இதைக் கண்டிருக்கிறோம். ஒருகாலத்தில் எங்களுக்காக எதையோ இழந்தார் என்பதற்காக, பிறகு அவர் எங்களிடம் சொன்ன பொய்களை எண்ணாமல் விட்டிருக்கிறோம்.

லைனஸும் ஷ்ரோடரும்தான் கடைசியில் உண்மையைப் போட்டு உடைக்கிறார்கள். பெண்பிள்ளைகள் வெட்கப்பட்டு, சார்லி பிரவுணுக்குத் தாங்களே ஒரு சீருடை தைத்துக்கொடுக்கிறார்கள். இந்த இடத்தில் பார்க்கிறவர்களின் கண் கலங்கும். எனக்கும் கலங்கியது. ஆனால் துணி எங்கிருந்து வந்தது? லைனஸ் எந்நேரமும் கன்னத்தில் வைத்து விரல் சூப்பிக்கொண்டு திரியும் அவனது போர்வையை வெட்டித்தான் தைத்தார்கள். குழுவிலேயே பயந்த பிள்ளையின் ஒரேயொரு ஆறுதல் அது. ஒருவனுக்குச் செய்த அநியாயத்தைத் திருத்த இன்னொருவனின் போர்வை போயிற்று. மழையில் தன்னந்தனியாக மேட்டில் நிற்கும் சார்லி பிரவுணின் சட்டை நுனியைப் பிடித்துக்கொண்டு லைனஸ் விரல் சூப்புவதோடு படம் முடிகிறது. ஷுல்ஸ் இதைப் பகிடியாகத்தான் வைத்தார். எனக்கு அது பகிடியாகப்படவில்லை. இந்த மாவட்டத்தில் காணி, குடியேற்றம், மீள்குடியேற்றம், நட்டஈடு என்று எதைப் பேசினாலும் அந்தப் போர்வை ஞாபகம் வரும் இனி.

நாய்க்கு வருகிறேன். நாங்கள் ஷாபிஈ மத்ஹப்காரர். நாயின் ஈரம் பட்டால் ஏழு தரம் கழுவவேண்டும், அதில் ஒரு தரம் மண் கலந்து. பெண்பிள்ளைகளையும் நாய்களையும் ஒரே மூச்சில் விலக்குகிற ஹெனசியின் லீக் விதியைக் கேட்டபோது, பெண்ணை நாயோடு சேர்த்துவிட்டான் என்று எனக்குக் கோபம் வந்தது. கோபம் அடங்கியபின் வேறொன்று உறைத்தது. வெள்ளிக்கிழமை தோறும் நாம் ஓதுகிற ஸூரத்துல் கஹ்ஃபில், ஊரின் கொடுமைக்குத் தப்பிக் குகையில் ஒளிந்த இளைஞர்களோடு ஒரு நாயும் இருக்கிறது. வாசலில் முன்கால்களை நீட்டிப் படுத்திருக்கிறது. அவர்கள் எத்தனை பேர் என்று மனிதர்கள் பிற்காலத்தில் தர்க்கிக்கும்போது ஒரு தரப்பு மூவர், நான்காவது நாய் என்கிறது. இன்னொரு தரப்பு ஐவர், ஆறாவது நாய் என்கிறது. ஏழு பேர், எட்டாவது நாய் என்றும் சொல்கிறார்கள். தொகையில் கருத்து வேறுபாடு. நாயைச் சேர்த்து எண்ணுவதில் எவருக்கும் வேறுபாடில்லை. ஏழைகளை விட்டு முகத்தைத் திருப்பாதீர் என்ற கட்டளையும் அதே ஸூராவில், சில ஆயத்துகள் தள்ளித்தான் வருகிறது. இத்தனை வருடம் ஓதியும் இரண்டையும் நான் சேர்த்துப் பார்த்ததில்லை. ஒரு காட்டூன் வரவேண்டியிருந்தது.

எண்ணிக்கை என்று வந்தபின் குருக்கள்மடத்தில் உட்கார்ந்துகொண்டு மற்றதை எண்ணாமல் இருக்கமுடியாது. 1990 ஜூலை 12ஆம் திகதி, கல்முனைப் பக்கமிருந்து இந்த வீதியால் காத்தான்குடிக்குத் திரும்பிக்கொண்டிருந்த முஸ்லிம்கள் இங்கே விடுதலைப் புலிகளால் மறிக்கப்பட்டார்கள். ஹஜ் முடித்து வந்தவர்கள், வியாபாரத்துக்குப் போனவர்கள். அவர்கள் வீடு வந்து சேரவில்லை. எத்தனை பேர் என்பதில் இன்றும் ஒரே தொகையில்லை. ஒவ்வொருவர் ஒவ்வொன்று சொல்கிறார்கள். புதைத்த இடத்தைத் தோண்டும் விடயம் 2014இல் களுவாஞ்சிக்குடி நீதவான் நீதிமன்றத்துக்குப் போனது. அடுத்த மாதம், ஓகஸ்ட் 3ஆம் திகதி, காத்தான்குடிப் பள்ளிவாசல்கள். அந்தத் தொகைகளை நாம் மனனமாக வைத்திருக்கிறோம், வைத்திருக்கவும் வேண்டும். அதே ஓகஸ்டில் வீரமுனையில் கொல்லப்பட்ட தமிழர்களின் தொகை நமது சஞ்சிகைகளில் எத்தனை தடவை அச்சாகியிருக்கிறது? அங்கே நமது ஊர்காவல் படையினர் மீது சொல்லப்பட்ட குற்றச்சாட்டை நாம் எந்த இதழில் விசாரித்தோம்? இரண்டு பக்கமும் சரி என்று தராசு பிடிப்பதற்காக நான் இதைக் கேட்கவில்லை. என் பதினைந்து பெயர்ப் பட்டியலைப் போலத்தான் இதுவும். யாரையும் வரவேண்டாம் என்று சொல்லாமலே, எழுதாமல் விட்டதால் வெளியேறியவர்கள்.

பெண்பிள்ளைகளைப் பற்றி அதிகம் சொல்லத் தேவையில்லை. நமது ஊர் மைதானங்களைப் பின்னேரத்தில் ஒருதரம் சுற்றிப் பார்த்தால் போதும். ஹெனசியின் லீக் 1974இல் கதவைத் திறந்தது. நாம் கதவு இருப்பதாகவே ஒப்புக்கொள்வதில்லை.

இவ்வளவையும் நண்பரின் பேத்திக்குச் சொல்லியிருக்கலாம். சொன்னது மரியா பெப்பேயின் கதையை மட்டும். கேட்டுவிட்டு, “அவவுக்குப் பிறகு யாரும் உடுப்புக் குடுக்கல்லயா?” என்றாள். இல்லை என்றேன். கொஞ்ச நேரம் யோசித்துக்கொண்டிருந்தாள்.

பொழுது சாய்ந்தது. நான் எழும்பினேன். பல வருடங்களாக இதுதான் பழக்கம், வெளிச்சம் இருக்கும்போதே பஸ் ஏறிவிடுவேன். நண்பர் ஒருநாளும் இன்னும் கொஞ்சம் இருங்கள் என்று மறித்ததில்லை. ஏன் மறிப்பதில்லை என்று நானும் கேட்டதில்லை. முப்பத்தைந்து வருடங்களாக நாங்கள் இருவரும் அந்த ஜூலை மாதத்தைப் பற்றி ஒரு வார்த்தை பேசியதில்லை. காயப்படுத்தக்கூடாது என்பதற்காகத்தான். அப்படித்தான் நான் நினைத்திருக்கிறேன், அவரும் அப்படித்தான் நினைத்திருப்பார்.

படலையடிக்கு வந்த பேத்தி கேட்டாள். “ஏன் சேர் நீங்க எப்பவும் இருட்ட முந்தியே போறீங்க? கடைசி பஸ் எட்டு மணிக்குந்தானே இருக்கு?”

நண்பர் வாவிப் பக்கம் பார்த்துக்கொண்டு நின்றார். பாதை இக்கரைக்கு வந்து ஆட்களை இறக்கிக்கொண்டிருந்தது.

“மஃரிபுக்கு ஊருக்குப் போகணும் மகள்” என்றேன்.